அறிவு கீழே, சுவை மாடியில்

மருந்துக்கடை அக்கா புத்தகம் எழுதினாள் என்று சொன்னால் தெருவில் யாரும் நம்பமாட்டார்கள். தலைவலி, சளி, வயிற்றுப்போக்கு என்று வருகிறவர்களுக்கு மாத்திரையைக் கிழித்துக் கொடுத்து, கூடவே நாலு திட்டும் இலவசமாகக் கொடுத்து அனுப்புகிறவள் அவள். எழுத்தாளர் ஆகவேண்டும் என்று அவளுக்கு ஒருநாளும் தோன்றியதில்லை. எழுத வைத்தவன் அவள் கூடப்பிறந்த தம்பி.

தம்பி லாரி ஓட்டுகிறவன். ஸ்டியரிங் முன்னால் உட்கார்ந்து உட்கார்ந்து இடுப்பு போய்விட்டது. வலி வந்தால் ஒரு மாத்திரை, வலி வரும்போலத் தோன்றினால் ஒரு மாத்திரை, வராமல் இருக்க முன்ஜாக்கிரதையாக ஒரு மாத்திரை. அக்கா கடையில் கேட்டால் திட்டு விழும் என்று பக்கத்துத் தெருக் கடையில் போய் வாங்குவான். கால் இரண்டும் வீங்கிச் செருப்பு நுழையாமல் போனபிறகுதான் அவனை இழுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனாள். டாக்டர் ரிப்போர்ட்டைப் பார்த்தார்.

"கிட்னி ரெண்டும் பாதி போச்சு. இந்த மாத்திரையை இன்னியோட நிறுத்தினா மீதி மிஞ்சும். இல்லைன்னா மெஷின்தான்."

வெளியே வந்ததும் தம்பி சொன்னான்: "டாக்டருங்கன்னா நாலு பேரை பயமுறுத்தினாத்தான் அவங்களுக்கு மரியாதை."

அக்கா அழுது பார்த்தாள், சண்டை போட்டாள், பேசாமல் இருந்தும் பார்த்தாள். எதுவும் அவன் காதில் ஏறவில்லை. புத்திமதி என்றால் அவனுக்கு ஆகாது. ஆனால் சிரிக்கிற விஷயமாக இருந்தால் பொட்டலம் கட்டி வந்த காகிதத்தைக்கூடப் பிரித்து வைத்துப் படிப்பான். சரி, உன் வழிக்கே வருகிறேன் என்று, கடையில் ஆள் இல்லாத நேரங்களில் அக்கா எழுத ஆரம்பித்தாள்.

'உங்கள் உடம்பில் இரண்டு பேர் வேலை பார்க்கிறார்கள். சம்பளம் கிடையாது, லீவு கிடையாது. முதுகுப் பக்கம் மூலையில் உட்கார்ந்து நாள் முழுக்க உங்கள் ரத்தத்தைத் துவைத்துப் போடுகிறார்கள். தினம் தினம் நீங்கள் வலி மாத்திரை முழுங்குவது, அவர்களுக்கு வரும் குழாயைப் பாதி மூடிவிட்டு, "ம், துவைங்க" என்று சொல்வது. ஆனாலும் துவைக்கிறார்கள். ஒரு வார்த்தை புகார் சொல்வதில்லை. அதுதான் ஆபத்து. இதே சம்பந்தி வீட்டு ஆளாக இருந்தால் முதல் நாளே தெருவுக்கே கேட்டிருக்கும்.'

தம்பி படித்தான். சம்பந்தி வந்த இடத்தில் குடித்துக்கொண்டிருந்த டீ மூக்கு வழியாக வந்துவிட்டது. கண்ணைத் துடைத்துக்கொண்டு மறுபடி முதலிலிருந்து படித்தான். படித்து முடித்ததும் டீ கிளாஸைக் கீழே வைத்தான்.

"நிஜமாவாக்கா? குழாயை மூடற மாதிரியா?"

"நிஜம்டா. நிறுத்திடுடா."

அவன் காகிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். "நல்லாத்தான் இருக்கு. ஆனா இது உன் கையெழுத்து. உன் கையெழுத்தைப் பார்த்தாலே காலையில ஒண்ணு, ராத்திரி ஒண்ணுன்னுதான் படிக்கத் தோணுது. ஒரு விஷயம் உண்மைன்னா அச்சுல வரும். புத்தகமா வரட்டும். அதுல என்ன போட்டிருக்கோ அதன்படி நடக்கறேன். உன் தலைமேல சத்தியம்."

அக்காவின் தலையில் கையை வைத்தே சத்தியம் செய்தான். கழுதை, தன் தலையில் செய்திருக்கலாம்.

ஆக, அச்சில் வரவேண்டும். அக்கா காகிதக் கட்டோடு அச்சகத்துக்குப் போனாள். அச்சகக்காரர் மேலே ஒரு கண்ணும் கீழே ஒரு கண்ணுமாகப் பார்த்துவிட்டுக் கேட்டார்:

"இது கதையா, நிஜமா?"

"நிஜங்க. எல்லாம் நிஜம்."

"அப்ப கஷ்டம். கதைன்னா இன்னிக்கே அடிச்சுத் தரேன், என்ன வேணா எழுதுங்க. நிஜம்னா இனிய அறிவுநூல் வாரியத்தோட முத்திரை வேணும். அதுவும் சுவாரசியமா வேற இருக்கு. முத்திரை இல்லாம நான் தொடமாட்டேன்."

பொய் சொல்ல அனுமதி வேண்டாம், உண்மை சொல்லத்தான் அனுமதி வேண்டும் என்பது அக்காவுக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது.

இனிய அறிவுநூல் வாரியம் என்பது, பொதுமக்கள் சிரித்துக்கொண்டே கற்பதற்காக ஏற்படுத்தப்பட்டது. கட்டிட வாசலில் 'சிரித்துக்கொண்டே கற்போம்' என்று பெரிய பலகை. அதற்கு நேர் கீழே, 'அமைதி. சிரிக்காதீர்' என்று இன்னொரு பலகை. மற்றபடி நல்ல கட்டிடம். ஜன்னல்கள் எல்லாம் சாத்தியிருந்தன. காவலாளி அக்காவை ஏற இறங்கப் பார்த்து, "சிரிக்க வந்தீங்களா, கற்க வந்தீங்களா?" என்று கேட்டார். அவள் விழித்தாள். "முதல்ல கீழே போங்க" என்று கைகாட்டினார்.

கீழ்த்தளக் கண்காணிப்பாளர் மரியாதை தெரிந்தவர். உட்காரச் சொன்னார், தண்ணீர் கொடுத்தார், காகிதக் கட்டை வாங்கி மேலாகப் புரட்டினார். முகம் வாடிவிட்டது.

"இதுல அறிவு இருக்காம்மா?"

"இருக்குங்க."

"சுவை?"

"இருக்குன்னு தம்பி சொன்னான்."

"அங்கதாம்மா தப்பு பண்ணிட்டீங்க. ரெண்டையும் ஒரே காகிதத்துல எழுதினா எப்படி? அறிவுக் குழு கீழே. சுவைக் குழு மாடியில. ஒரே காகிதம் ஒரே நேரத்துல மேலயும் கீழயும் எப்படிப் போகும்?"

"ரெண்டு காப்பி எடுத்து ரெண்டு பேருக்கும் குடுத்துடறேங்க."

கண்காணிப்பாளர் குரலைத் தாழ்த்தினார். "குடுத்தா, அறிவுக் குழு சுவையைப் படிச்சிடுமே! இங்க ஒரு உறுப்பினர் தெரியாத்தனமா ஒரு தமாஷைப் படிச்சுட்டாரு. நல்ல மனுஷன். விசாரணை இன்னும் முடியல."

"அப்ப நான் என்ன பண்ணணும்?"

"பிரிச்சு எடுத்துட்டு வாங்க. அறிவு ஒரு கட்டு, சுவை ஒரு கட்டு. ரெண்டும் தேறினதும் இணைப்புப் பிரிவுல நாங்களே ஒட்டிக் குடுத்துடுவோம். அதுக்கு நீங்க அலைய வேண்டாம்."

அக்கா வீட்டுக்கு வந்து கத்தரிக்கோலை எடுத்தாள். உட்கார்ந்தபிறகுதான் தெரிந்தது வேலை எவ்வளவு அழகானது என்று. 'ரத்தத்தைத் துவைத்துப் போடுகிறார்கள்' என்ற வாக்கியத்தில் ரத்தம் அறிவு. சரி. துவைப்பது சுவை. அப்படியானால் நடுவில் வெட்டவேண்டும். வெட்டினாள். 'குழாயைப் பாதி மூடிவிட்டு' என்பது அறிவா, சுவையா? அதைச் சொல்லாமல் விஷயமே புரியாது, சொன்னால் சிரிப்பு வருகிறது. எழுதியவளுக்கே மண்டை காய்ந்தது. தரை முழுக்க காகிதத் துண்டு. தம்பி கால் நீட்டிக்கொண்டு வேடிக்கை பார்த்தான்.

"என்னக்கா, கிட்னிக்கு ஆபரேஷனா?"

"வாயை மூடு. உனக்காகத்தான் இந்தக் கர்மம்."

"சீக்கிரம் முடி. ஷெட்டுல எல்லார்கிட்டயும் சொல்லிட்டேன், எங்கக்கா புத்தகம் வருதுன்னு." சொல்லிவிட்டு ஒரு மாத்திரையைப் போட்டுக்கொண்டான். கால் வீக்கம் முழங்கால் பக்கம் வந்திருந்தது. அக்கா பார்த்தாள். வேகமாக வெட்டினாள்.

அறிவுக் கட்டு கீழே போனது. மூன்று பேர் கொண்ட குழு. ஒருவர் படித்தார், மற்ற இருவர் அவர் படிப்பதைக் கவனித்தார்கள். படித்து முடித்தவர் கவலையோடு நிமிர்ந்தார்.

"புரியுதே!"

மற்ற இருவரும் திடுக்கிட்டார்கள்.

"படிச்ச உடனே புரியுதும்மா. அப்ப ஆழம் இல்லைன்னு ஆகுது. நாளைக்கு ஒரு டிரைவர் இதைப் படிச்சுப் புரிஞ்சுக்கிட்டான்னு வைங்க, வாரியத்தோட தரம் என்ன ஆகும்?"

"ஐயா, டிரைவருக்குப் புரியணும்னுதான் எழுதினது."

"புரியட்டும், வேண்டாம்னு சொல்லல. ஆனா கஷ்டப்பட்டுப் புரியணும். அப்பதான் அதுல ஒரு மதிப்பு இருக்கும். நீங்க கவலைப்படாதீங்க, ஆழத்தை நாங்க போட்டுக்கறோம்."

போட்டார்கள். நாலு வரி இருந்த இடத்தில் நாலு பக்கம் வந்தது.

சுவைக் கட்டு மாடிக்குப் போனது. அங்கே ஒரு பெரிய வாசிப்புக் கூடம். வரிசையாக மேசைகள், மேசைக்கு ஒரு பரிசோதனை வாசகர். எல்லோரும் வாரியத்தின் நிரந்தர ஊழியர்கள். நாள் முழுக்க சுவாரசியமான நூல்களைப் படித்துப் படித்து ஒவ்வொருவர் முகமும் துவைத்த பை மாதிரி இருந்தது. கூடத்துக்குப் பொறுப்பான சுவை அலுவலர் ஓரத்தில் நின்று யார் சிரிக்கிறார்கள் என்று பார்த்துக்கொண்டிருந்தார். சிரிப்புக்குத்தான் மதிப்பெண்.

"சிரிக்காதீர்னு போர்டு வெச்சிருக்கீங்களே?" என்றாள் அக்கா.

"வாசிப்புக் கூடம்னா அமைதி வேணாமாம்மா? அதெல்லாம் அடிப்படை ஒழுக்கம்."

"சிரிக்காம எப்படி மதிப்பெண் போடுவீங்க?"

"அதுலதான் நூலோட தரம் தெரியும். தடையை மீறிச் சிரிக்க வைக்கணும்."

முதல் மேசைக்காரர் அக்காவின் சுவைக் கட்டைப் பிரித்தார். 'துவைத்துப் போடுகிறார்கள்.' திருப்பினார். '"ம், துவைங்க" என்று சொல்வது.' திருப்பினார். 'இதே சம்பந்தி வீட்டு ஆளாக இருந்தால் முதல் நாளே தெருவுக்கே கேட்டிருக்கும்.' நெற்றியைச் சுருக்கிக்கொண்டு அக்காவைப் பார்த்தார்.

"எது கேட்டிருக்கும்?"

"அது கீழே இருக்குங்க."

"யார் துவைக்கறாங்க?"

"அதுவும் கீழேதான்."

அவர் அனுதாபத்தோடு தலையாட்டி அடுத்த மேசைக்கு நகர்த்தினார். கட்டு ஒவ்வொரு மேசையாக நகர்ந்து கடைசி மேசைக்குப் போனது. அங்கே ஒரு கண்ணாடிக்காரர். சம்பந்தி வரியில் என்ன நினைத்துக்கொண்டாரோ, அவர் வீட்டுக் கதை என்னவோ, குபீர் என்று சிரித்துவிட்டார். அக்காவுக்கு உயிர் வந்தது. சுவை அலுவலர் ஓடினார், அவர் கையைப் பிடித்து எழுப்பினார், கூடத்துக்கு வெளியே கொண்டுபோய் நிறுத்தினார்.

"அவர் சிரிச்சாருங்க! நான் பார்த்தேன்!"

"சிரிச்சாரு. விதியை மீறினாரு. விதியை மீறினவர் போட்ட மதிப்பெண்ணை நாங்க எப்படி எடுத்துக்க முடியும்? மத்தவங்க எல்லாம் பூஜ்யம். மொத்தத்துல உங்க நூல்ல சுவை இல்லைம்மா." அலுவலர் அவள் முகத்தைப் பார்த்து இரங்கினார். "அழாதீங்க. இங்க வர்ற எல்லா நூலும் இப்படித்தான். சுவையை நாங்க போட்டுக்கறோம்."

அடப்பாவிகளா! ஆழத்தை அவர்கள் போட்டுக்கொள்வார்கள், சுவையை இவர்கள் போட்டுக்கொள்வார்கள். அப்புறம் அவள் எழுதியது எங்கே? அக்கா நேராகத் தலைவர் அறைக்குப் போய்விட்டாள். தலைவர் அவளைப் பார்த்ததும் எழுந்து நின்று பேச ஆரம்பித்தார். உட்கார்ந்து பேசிப் பழக்கமில்லை போலிருக்கிறது.

"கற்பது என்பது ஒரு கசப்பு. அதை இனிப்பாக்குவதே இந்த வாரியத்தின் பிறவிப்பயன். ஆனால் ஆசிரியர்கள் என்ன செய்கிறார்கள்? விஷயத்தையே இனிப்பாக எழுதிக்கொண்டு வந்துவிடுகிறார்கள். அப்புறம் நாங்கள் எதற்கு? யோசித்துப் பாருங்கள். இத்தனை மேசை, இத்தனை நாற்காலி! அதனால்தான் அணிலைக் கண்டுபிடித்தோம்."

"அணிலா?"

"அறிவணில். ஒவ்வொரு பக்கத்திலும் வரும், துள்ளும், பாடும். நெடுஞ்சாலை பற்றிய நூலில் வந்தது. மூலநோய் பற்றிய நூலில் வந்தது. மகத்தான வெற்றி."

"ஐயா, இது பெரியவங்க படிக்கறது. லாரி ஓட்டறவங்க."

"எல்லா மக்களும் மனதால் குழந்தைகளே. பெரியவர்கள் என்று நினைத்து எழுதினால் அவர்கள் கேள்வி கேட்பார்கள். குழந்தைகள் என்று நினைத்து எழுதினால் கை தட்டுவார்கள். எங்களுக்கு இதுவரை ஒரு கேள்விகூட வந்ததில்லை." தலைவர் பெருமையோடு ஜன்னல் பக்கம் திரும்பினார். ஜன்னல் சாத்தியிருந்தது.

அக்கா கடைக்குத் திரும்பினாள், காத்திருந்தாள். அந்த நாட்களை அவள் எப்படித் தள்ளினாள் என்று கேட்கவேண்டாம். தம்பிக்குக் காலையில் எழுந்தால் கண் இமை வீங்கியிருந்தது. மூச்சு வாங்கியது. நிறுத்துடா என்று கெஞ்சினால், "புத்தகம் வரட்டும்னு சொன்னேனே, சத்தியம் சத்தியம்தான்" என்றான்.

ஒருவழியாக இணைப்புப் பிரிவிலிருந்து கூப்பிட்டார்கள். ஒட்டித் தைத்த மாதிரிப் பிரதியை மேசையில் வைத்தார்கள். இடது பக்கம் கீழ்த்தளத்து ஆழம், வலது பக்கம் மாடியிலிருந்து வந்த அணில். அக்கா வலி மாத்திரை அத்தியாயத்தைத் தேடினாள். இடது பக்கத்தில் இருந்தது: 'வலிநீக்கிகளின் நெடுங்காலப் பயன்பாடானது சிறுநீரகக் குருதியோட்டத்தில் குறைவுறுத்தும் விளைவுகளைத் தோற்றுவிக்காது எனக் கூறவியலாமை கருதத்தக்கதாகும்.' வலது பக்கத்தில் தொப்பி போட்ட அணில் ஒன்று வாலைத் தூக்கிக்கொண்டு ஆடியது. அதன் வாயிலிருந்து பெரிய எழுத்தில் ஒரு பாட்டு:

'இடுப்பு வலியா? அழுகை எதற்கு?
மாத்திரை உண்டே தினமும் நமக்கு!'

அக்கா புத்தகத்தை அள்ளிக்கொண்டு மாடிக்கு ஓடினாள்.

"என்னங்க இது? தினமும் போடுன்னு அணில் சொல்லுது!"

சுவை அலுவலர் பாட்டை ரசித்துப் படித்தார். "தாளம் நல்லா உட்கார்ந்திருக்கே. தலைப்பு 'வலி மாத்திரை'ன்னு மட்டும்தாம்மா எங்களுக்கு வந்தது. உள்ளே மாத்திரை நல்லதா கெட்டதான்னு பார்க்க எங்களுக்கு உரிமை இல்லை. அது அறிவு."

கீழே ஓடினாள். கண்காணிப்பாளர் அணில் இருந்த பக்கத்தைக் கையால் மூடிக்கொண்டார். "காட்டாதீங்கம்மா. அது சுவை. என் வேலையே போயிடும்."

தலைவரிடம் போனாள். தலைவர் எழுந்து நின்றார். "அணில் யாரையும் பயமுறுத்தாது. அது கொள்கை. மாற்றவேண்டும் என்றால் மாற்றலாம், தாராளமாக மாற்றலாம். ஆனால் ஒட்டியதைத் திருத்த முடியாது. மறுபடி பிரித்து, மறுபடி கீழே, மறுபடி மேலே. அடுத்த வருஷம் இதே நேரம் உங்கள் கையில் நூல் இருக்கும்."

அடுத்த வருஷம். அடுத்த வருஷம் தம்பி இருப்பானா? அக்கா அந்த அறையிலேயே நின்று கணக்குப் போட்டாள். இடது பக்கம் என்ன இருந்தாலும் உண்மைதானே. கஷ்டமான தமிழ், ஆனால் உண்மை. அவன் என்ன சின்னப் பிள்ளையா, அணில் பேச்சைக் கேட்க? லாரி ஓட்டுகிறவன், ஊர் உலகம் பார்த்தவன். அச்சில் வந்துவிட்டால் போதும். அவள் சரி என்று தலையாட்டிவிட்டாள். அட்டையில் அவள் பெயரில் எழுத்துப் பிழை இருக்கிறதா என்று மட்டும் பார்க்க விட்டார்கள். பிழை இல்லை.

வெளியீட்டு விழா நடந்தது. தலைவர் நின்றுகொண்டே பேசினார். "இந்த நூலை நான் இன்னும் படிக்கவில்லை. படிக்காமலே இவ்வளவு மகிழ்ச்சி என்றால், படித்தால் என்ன ஆவேனோ!" கூட்டம் கை தட்டியது. இந்த ஆண்டின் மிக இனிய அறிவுநூல் என்று அக்காவுக்கு ஒரு சால்வை போர்த்தினார்கள். முதல் வரிசையில் தம்பி உட்கார்ந்திருந்தான். வீங்கிய காலோடு எழுந்து நின்று எல்லோரையும்விடச் சத்தமாகத் தட்டினான். "எங்கக்கா, எங்கக்கா" என்று பக்கத்தில் இருந்தவரிடம் சொல்லிக்கொண்டே இருந்தான். அக்காவுக்கு அழுகை வந்தது.

வீட்டுக்கு வந்ததும் அவன் கையைக் கழுவித் துடைத்துக்கொண்டு புத்தகத்தைப் பிரித்தான். அக்கா சமையலறை வாசலில் நின்று பார்த்தாள். இடது பக்கத்தில் விரலை வைத்து உரக்கப் படித்தான்.

"நெடுங்காலப் பயன்பாடானது... குருதியோட்டத்தில்... குறைவுறுத்தும்... கூறவிய... கூறவியலாமை..." விரல் நின்றுவிட்டது. மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தான். மறுபடி அதே இடத்தில் நின்றது. நெற்றியில் வேர்த்துவிட்டது. "பெரிய ஆளுக்கா நீ! இவ்வளவு படிப்பு உனக்குள்ள இருக்கும்னு எனக்குத் தெரியவே தெரியாது."

"டேய், அதை விடு, நான் சொல்றேன் கேளு..."

"இரு, இரு. இந்தப் பக்கம் புரியுது." கண் வலது பக்கம் போனது. முகம் மலர்ந்தது. அணிலின் பாட்டை ஒருமுறை படித்தான். ராகம் போட்டு இன்னொரு முறை படித்தான். பிறகு சட்டைப்பையில் கையை விட்டு மாத்திரை அட்டையை எடுத்தான்.

அக்கா பாய்ந்து வந்து அவன் கையைப் பிடித்தாள். "போடாதடா! அது தப்புடா! அந்த அணில் சொல்றது பச்சைப் பொய்!"

தம்பி அவளை அதிசயமாகப் பார்த்தான். "என்னக்கா இது, அச்சுல போட்டிருக்கே."

"அந்தப் புத்தகத்தை எழுதினதே நான்தான்டா! நான் சொல்றேன், நிறுத்துடா!"

அவன் புத்தகத்தின் அட்டையைத் திருப்பி அவள் பெயரைக் காட்டினான். கோபமே இல்லை அவனுக்கு. சின்ன வயதில் அவள் அவனுக்குக் கணக்குச் சொல்லிக் கொடுத்த அதே பொறுமையோடு, அவள் பிடியை மெல்ல விடுவித்தான்.

"சத்தியம் பண்ணியிருக்கேன்க்கா, உன் தலைமேல. அதுல என்ன போட்டிருக்கோ அதன்படி நடக்கறேன்னு." மாத்திரையை வாயில் போட்டுக்கொண்டு தண்ணீர்ச் செம்பை எடுத்தான். "எழுதறப்ப ஒண்ணு, வாயால சொல்றப்ப ஒண்ணுன்னு நீ மாத்தி மாத்திப் பேசினா, நான் எதைத்தான் நம்பறது?"